மணிலா மதிலுக்கு வெளியே நின்றவளின் தமிழ்

1. பொய்ச் சண்டை

மணிலாவில் நடந்த சண்டையைப் பாண்டி பஜாருக்குப் பின்னால் ஒரு மாடி ஸ்டூடியோவில் காலை பத்து மணிக்கு ஆரம்பித்தோம். பத்தரைக்குள் தப்பாகச் செய்து முடித்தும் விட்டோம்.

நான் டப்பிங் இன்சார்ஜ். வேற்று மொழிப் படத்தில் வாய் அசைகிற இடத்தில் தமிழ் வந்து பொருந்தி உட்கார வேண்டும். அதைப் பார்த்துக்கொள்வது என் வேலை. முப்பது வருஷம் அதையே செய்தேன். பள்ளிக்கூடம் எட்டாவதோடு சரி. எனக்குத் தெரிந்த உலக சரித்திரமெல்லாம் வாய்ஸ் பூத்தின் கண்ணாடிக்கு இந்தப் பக்கம் உட்கார்ந்து கற்றதுதான். அன்றைக்கு வந்திருந்தது ஒரு டாக்குமெண்டரி. 1898-ல் அமெரிக்கா ஸ்பெயினோடு மோதி, கியூபாவிலும் பிலிப்பைன்ஸிலும் இருந்த ஸ்பானிய ஆட்சியை முடித்த கதை. நடுநடுவே நடிகர்களை வைத்து எடுத்த காட்சிகள் உண்டு.

மணிலா சண்டைக்கு ஆறு பேர் க்ரவுட். கூட்டத்துக் குரல் கொடுப்பவர்களை அப்படித்தான் சொல்வோம். துப்பாக்கி வெடித்ததும் ஆறு பேரும் உயிர் போவதுபோல் அலறினார்கள். நான் தலையாட்டினேன். அப்போது மைக்குக்கு முன்னால் நின்ற ஸ்டெல்லா சிரித்துவிட்டார். கொட்டிவாக்கம் குப்பத்துக்காரர். பதினோரு வருஷமாக எங்களிடம் க்ரவுட்.

"இன்னாம்மா, அங்க உயிர் போவுது, நீ சிரிக்கிற?" என்றார் சவுண்ட் இன்ஜினியர் பாஷா பாய்.

"எங்க பாய் போவுது? அந்த சிப்பாயப் பாரு. சுட்டுட்டு சட்டைல கீற தூசியத் தட்டிக்கிறான். நாங்க இன்னாடான்னா இங்க ஒப்பாரி வச்சிக்கினு கீறோம்."

ரிவைண்ட் செய்து பார்த்தோம். தட்டிக்கொண்டுதான் இருந்தான்.

வெட்கத்தோடு சொல்கிறேன், அப்போதுதான் ஸ்கிரிப்டை முழுசாகப் படித்தேன். அதுவரை எழுத்தை உதட்டுக்கு ஏற்றினேனே தவிர, கதையைப் படிக்கவில்லை. விஷயம் இதுதான். முந்நூறு வருஷத்துக்கு மேல் ஸ்பெயினுக்குக் கீழே கிடந்த பிலிப்பைன்ஸ் மக்கள் தாங்களே ஆயுதம் எடுத்து, மணிலாவைத் தரை வழியாகச் சுற்றி வளைத்திருந்தார்கள். கடல் பக்கம் அமெரிக்கக் கப்பல்கள். கோட்டைக்குள் இருந்த ஸ்பானியர்களுக்கு ஊர்க்காரர்களிடம் சரணடைய மனமில்லை. ஆகவே அமெரிக்கர்களோடு பேசிவைத்துக்கொண்டு, பேருக்கு ஒரு சண்டை போட்டு, அவர்களிடம் கோட்டையைக் கொடுத்தார்கள். பொய்ச் சண்டையிலும் சிலர் நிஜமாகவே செத்தார்கள். ஊர்க்காரர்களைக் கோட்டைக்குள் விடவில்லை.

"காலி பண்றவனும் புதுசா வர்றவனும் சாவி மாத்திக்கினானுங்க. வூட்டுக்காரன் வாசல்ல நிக்கிறான்," என்றார் ஸ்டெல்லா.

ஜனங்கள் சொல்வதை ஸ்கிரிப்டின் பின்பக்கத்தில் எழுதிவைப்பது என் பழக்கம். இதையும் எழுதிக்கொண்டேன். அலறலைப் பாதியாகக் குறைத்து மறுபடி எடுத்தோம். சரியாக வந்தது.

2. முதல் மெயின் ட்ராக்

மதிய சாப்பாட்டுக்குப் பிறகு ஸ்டெல்லாவுக்குப் பெரிய விஷயம் காத்திருந்தது. மதிலுக்கு வெளியே நிற்கும் பிலிப்பைன்ஸ் பெண் ஒருத்திக்கு மூன்று நிமிஷப் பேச்சு. அதற்குக் குரல் கொடுத்தால் முதல் முறையாக மெயின் ட்ராக். படத்தின் கடைசியில் பெயர் வரும். க்ரவுட்டில் இருப்பவர்கள் வருஷக்கணக்கில் ஏங்குவது இதற்குத்தான். அன்று காலையில் மகளுக்கு போன் போட்டு, "டீவில பேர் வரும்டி" என்று அவர் சொன்னதைப் படிக்கட்டில் நானே கேட்டேன்.

எங்கள் தொழிலில் ஒரு வழக்கம் இருந்தது. வெள்ளைக்காரன் பேசினால் கணீரென்று இலக்கணத் தமிழ். அவன் போய் இறங்கும் ஊர்க்காரன் பேசினால் உடைந்த தமிழ். எந்த நாடானாலும் இதுதான். அதன்படியே எழுதி வந்திருந்தது: "நாங்க... காத்து... நிக்குது. அவங்க... ஏமாத்திச்சு."

ஸ்டெல்லா முதல் டேக்கிலேயே கச்சிதமாகச் செய்தார். ஸ்டூடியோ ஓனர் சுந்தரம் சார் மயிலாப்பூர்க்காரர். பின்னால் உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருந்தார். "பேஷ், ஓகே பண்ணிடு" என்றார்.

ஸ்டெல்லா ஹெட்போனைக் கழற்றிவிட்டு என் பக்கம் திரும்பினார். "சார், ஒண்ணு கேக்கலாமா? அந்தம்மா எந்த ஊர்ல நிக்குது?"

"மணிலாம்மா. அதான் காலைலேர்ந்து பாக்கறோமே."

"அது சொந்த ஊர்தான? சொந்த ஊர்ல, சொந்த ஜனங்க கிட்ட பேசுது. ஏன் சார் திக்கித் திக்கிப் பேசுது?"

"அது வழக்கம்மா," என்றேன்.

"யாரு வழக்கம்? பதினோரு வருஷமா மீன்காரின்னா என்னைக் கூப்புடுவீங்க. நான் வாயத் தொறந்தா ஜனம் சிரிக்கணும், அதுக்குத்தான். செஞ்சேன். இந்தம்மா சிரிக்க வைக்க வரல சார். ஏமாந்துபோய் நிக்குது. என் பேரப் போட்டு இதச் செய்ய எனக்கு மனசு வரல."

சுந்தரம் சாருக்குக் கோபம் வந்தால் குரல் தாழும். "சாயங்காலம் ஆறு மணிக்கு ஃபைல் போயாகணும். எல்லாத்தையும் நீயே டைரக்ட் பண்ணிண்டு இருந்தா எப்படி? வேண்டாம்னா சொல்லு, வெளியில லதா உக்காந்துண்டிருக்கா."

"லதா நல்லாத்தான் சார் பண்ணும். அதுக்கே குடுங்க," என்று ஸ்டெல்லா பையை எடுத்துக்கொண்டார். குரலில் கோபமில்லை. கைதான் பையின் வாரைச் சுற்றிச் சுற்றி முறுக்கிக்கொண்டிருந்தது.

3. பாஷா பாய் ஒரு பட்டனை அமுக்கினார்

நான் பேசியிருக்க வேண்டும். பேசியது பாஷா பாய். பாய் அடிக்கடி சொல்வார், "கண்ணை மூடிக்கினு கேளு நைனா, அப்பதான் யார் தடுமாறுறான்னு தெரியும்" என்று. அன்று அதையே செய்தார். தமிழ் ட்ராக்கை நிறுத்திவிட்டு, அந்தப் பெண் தன் பாஷையில் பேசிய ஒரிஜினலை மட்டும் ஓடவிட்டார்.

எங்கள் நான்கு பேருக்கும் ஒரு வார்த்தை புரியவில்லை. ஆனால் காது இருக்கிறதே. அந்தப் பெண் எங்கும் நிற்கவில்லை. தண்ணீர் ஓடுவதுபோல் பேசினாள்.

"பாருங்க சார்," என்றார் பாய். "வாய் ஓடிக்கினே கீது. நம்ம தமிழ் நின்னு நின்னு போவுது. நடுவுல பெருமூச்சு போட்டு ஒப்பேத்திக்கினு கீறோம். இது லிப் சிங்க்கே கெடையாது."

அடுத்த காட்சியும் தானாக ஓடியது. அமெரிக்கச் சிப்பாய் ஒருவன் அவளிடம் குடிக்கத் தண்ணீர் கேட்கிறான். அவளுடைய பாஷையில் இரண்டு வார்த்தை பேசி, மாட்டிக்கொண்டு, மூன்றாவதற்குக் கையை ஆட்டுகிறான். எங்கள் ஸ்கிரிப்டில் அவனுக்கு இருந்த வசனம்: "அம்மையே, அருந்துவதற்குச் சிறிது நீர் கிடைக்குமா?"

சுந்தரம் சார் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"தடுமாறறவன் அவன்னா," என்றார் கடைசியில். "நாம மாத்திப் போட்டுண்டிருக்கோம். சரி, துரையோட தமிழை ஒடைச்சுடுங்கோ. ஸ்டெல்லா, பையைக் கீழ வை. ஆனா ஒண்ணு, உன் குப்பத்து பாஷையைக் கேட்டு ஜனங்க சிரிச்சா பொறுப்பு நீதான்."

"சிரிக்க மாட்டாங்க சார்."

வசனத்தை ஸ்டெல்லாவும் நானும் சேர்ந்து மாற்றி எழுதினோம். அவர் சொல்லச் சொல்ல நான் வாயசைவுக்கு அளந்தேன். முடிவு இப்படி வந்தது: "முன்னூறு வருசம் காத்துக்கினு இருந்தோம். கோட்டைய சுத்தி எங்க புள்ளைங்க செத்துச்சு. கதவு தொறந்துச்சு, ஆனா எங்களுக்கு இல்ல."

ஒரே டேக். உதடும் சொல்லும் ஒட்டிக்கொண்டன. கண்ணாடிக்கு இந்தப் பக்கம் யாரும் சிரிக்கவில்லை. பாய் அடுத்த பட்டனை அமுக்க மறந்து உட்கார்ந்திருந்தார்.

அதற்குப் பிறகு மூர்த்தி அண்ணனைத் தேடினோம். இருபது வருஷமாக எங்களுக்கு எல்லா வெள்ளைக்காரனின் குரலும் அவர்தான். "துரையாவே வாழ்ந்துட்டேன், இன்னிக்குத் திக்கச் சொல்றியேப்பா" என்று என்னைக் கடிந்துகொண்டே பூத்துக்குள் போய், அந்தச் சிப்பாயை அழகாகத் தடுமாற வைத்தார். ஆறுக்கு ஐந்து நிமிஷம் இருக்கும்போது ஃபைல் போனது.

4. மூன்றாம் நாள் வந்த மெயில்

வாடிக்கையாளர் கம்பெனியில் ஒவ்வொரு ஃபைலையும் கேட்டுப் பார்த்துத் தவறுகளைப் பட்டியல் போடுவார்கள். ஸ்டெல்லாவின் காட்சி திரும்பி வந்துவிடும் என்றே நினைத்தேன். பட்டியலில் நான்கு குறைகள் இருந்தன. நான்கும் என்னுடையவை, வேறு காட்சிகளில். கடைசி வரி மட்டும் வேறு மாதிரி: மதிலுக்கு வெளியே நிற்கும் பெண்ணுக்குக் குரல் கொடுத்தவர் யார்? பெயரை எழுத்துப் பிழை இல்லாமல் அனுப்பவும்.

ஸ்டெல்லாவுக்கு போன் போட்டுப் பெயரை எப்படி எழுத வேண்டும் என்று கேட்டேன். அந்தப் பக்கம் அலைச் சத்தத்துக்கு நடுவே எழுத்தெழுத்தாகச் சொன்னார். பிறகு, "எங்கம்மா பேரையும் சேத்துப் போடுவாங்களா சார்?" என்றார். போட்டார்கள்.

இந்தத் தொழிலுக்குப் புதிதாக வருபவர்களுக்கு நான் சொல்ல இருப்பது இவ்வளவுதான். குரல், மூச்சு, டைமிங் எல்லாம் ஆறு மாதத்தில் வந்துவிடும். நான் வெகு வருஷம் கழித்துக் கற்றதை நீங்கள் முதல் நாளே கற்றுக்கொள்ளலாம். அன்று முதல் ஓய்வு பெறும்வரை, எந்த ஸ்கிரிப்ட் வந்தாலும் முதல் பக்கத்தின் தலையில் பென்சிலால் ஒரு கேள்வியை எழுதிவிட்டுத்தான் ஹெட்போனை எடுத்தேன்: "இது யாருடைய ஊர்?"