எட்டாம் கற்பனை

உலகச் சண்டை முடிந்த மறு கோடையில் எங்கள் சித்தப்பா பட்டாளத்துக் கூலி வேலையிலிருந்து திரும்பி வந்தார். ஒரு தகரப் பெட்டியும், கழித்துப் போட்டதென்று கொடுத்த ரப்பர் குழாய் ஒரு பெரிய சுருளும் கொண்டுவந்தார். இடது கைச் சுண்டுவிரல் மட்டும் திரும்பி வரவில்லை. ஏதோ மிஷினில் போய்விட்டதாம். குழாயைத் திருடிக்கொண்டு வந்திருப்பாரோ என்று எங்கள் நைனாவுக்கே சந்தேகம். எனக்கு மட்டும் ஏன் இருக்காது?

எங்கள் தெரு செஞ்சிக் கோட்டைக்கு வடக்கே ஒரு மொட்டைப் பாறையின் அடியில் இருந்தது. கோடை வந்தால் தெருக் கிணறு வற்றிவிடும். அம்மாவும் மற்றப் பெண்களும் கோட்டைப் பக்கத்துக் குளத்துக்குக் காலையில் ஒரு நடை, வெயில் தாழ்ந்தபின் ஒரு நடை போய்வருவார்கள். பாறை உச்சியில் ஒரு சுனை இருந்தது. எந்தக் கோடையிலும் அதில் தண்ணீர் உண்டு. ஆனால் வழுக்குப் பாறையில் குடத்தோடு யார் இறங்குவது? அதை ஆடுகள் குடித்தன. நாங்கள் அண்ணாந்து பார்த்தோம்.

வந்த வாரமே சித்தப்பா தெருவைக் கூட்டிச் சொன்னார்: "கொழாயோட ஒரு மொனைய சுனையில உடணும், இன்னொரு மொனை கீழ. தண்ணி தானா கரை மேல ஏறி இந்தாண்ட எறங்கும். சுனையில சேறு வாரணும், கீழ ஒரு தொட்டி கட்டணும். ரெண்டு நாள் எல்லாரும் கை குடுங்க."

"தண்ணி தானா மேல ஏறுமா? ஏணி வெச்சா?" என்றார் நைனா. தெருவே சிரித்தது.

"சின்னவனுக்குப் பட்டாளத்து வெயிலு இன்னும் எறங்கல" என்றார் எதிர்வீட்டுப் பெரியவர்.

சித்தப்பா பேச்சை விட்டுவிட்டார். பத்து நாள் கழித்து மறுபடி எடுத்தபோது அது அவருடைய யோசனையாக இல்லை. பெரியநாயகம் எஞ்சினீருடையதாக இருந்தது.

பெரியநாயகம் எஞ்சினீர் மதராஸில் இருந்தார். பட்டாளத்தில் சித்தப்பாவுக்கு மேலதிகாரி அவர்தானாம். மூன்றாம் வகுப்போடு படிப்பை நிறுத்தி மாடு மேய்க்க விட்டார்களாம். மாடு மேய்த்துக்கொண்டே மணலில் பாலம் வரைந்தாராம். அந்த வழியாகக் குதிரையில் போன துரை ஒருவன் இறங்கிப் பார்த்து, அதை அப்படியே கட்ட, அதன்மேல் ரயில் போனதாம். தூங்கும்போதும் தலைமாட்டில் பென்சில் வைத்திருப்பாராம், ஏனென்றால் பாதிக் கணக்கு கனவில்தான் வருமாம். கோட்டை மலை ராஜகிரியின் உச்சிக்கு வயதானவர்களைக் கூடையில் உட்கார வைத்து இரும்புக் கயிற்றால் இழுப்பதற்கு ஒரு கணக்கு முக்கால்வாசி முடித்திருந்தாராம்.

தெரு வாயைப் பிளந்து கேட்டது. நான் மட்டும் சில விஷயங்களைக் கவனித்துக்கொண்டேன். எஞ்சினீருக்கும் இடது கையில் சுண்டுவிரல் இல்லை. எஞ்சினீருக்கும் கத்தரிக்காய் பிடிக்காது. கத்தரிக்காய் பிடிக்காத ஆள் எனக்குத் தெரிந்து ஒருவர்தான்.

ஒரு நாள் எஞ்சினீர் கடிதமே போட்டுவிட்டார். சித்தப்பா அதைத் தெருவுக்கு உரக்கப் படித்தார். "தண்ணீர் ஏறும். நான் பொறுப்பு" என்று எழுதியிருந்தது. தெரு சம்மதித்துவிட்டது. கடிதத்துக்கு உறையும் இல்லை, தபால் தலையும் இல்லை. சித்தப்பா அதைக் கீழே வைத்த நேரம் திருப்பிப் பார்த்தேன். பின்பக்கம் என் கையெழுத்தில் ஏழாம் வாய்ப்பாடு! ஏழெட்டு ஐம்பத்துநாலு என்று நான் எழுதியதும், வாத்தியார் போட்ட சிவப்புப் பெருக்கல் குறியும் அப்படியே இருந்தன. என் நோட்டில் காணாமல் போன தாள் அது. அதற்காக நான் பிரம்படி வாங்கியிருந்தேன்.

அப்போது எனக்குப் புதுநன்மைக்கு, அதாவது முதல் முறை நற்கருணை வாங்குவதற்கு, ஆயத்தம் நடந்துகொண்டிருந்தது. நாங்கள் வேதக்காரர்கள், கிறிஸ்தவர்கள். எங்கள் வேதத்தில் கட்டளையைக் கற்பனை என்போம். பொய் சொல்லாதே என்பது எட்டாம் கற்பனை. பள்ளிக்கூடத்தில் அதே சொல்லுக்கு வேறு அர்த்தம் சொல்லித் தந்தது பிறகு. நன்மை வாங்குவதற்கு முதல் நாள், சனிக்கிழமை காலை, சாமியாரிடம் பாவங்களைச் சொல்லும் முதல் பாவசங்கீர்த்தனத்துக்குப் போய் முழங்காலில் நின்றேன்.

"எங்க சித்தப்பா பொய் சொல்றாரு, சாமி."

"உன் பாவத்தச் சொல்லுடா. அவரு பாவத்த அவரு வந்து சொல்வாரு."

நான் யோசித்தேன். "அது தெரிஞ்சும் நான் யாருகிட்டயும் சொல்லல, சாமி."

சாமியார் வெகுநேரம் இருமினார். அது சிரிப்பாக இருக்கும் என்று இப்போது தோன்றுகிறது. பிறகு மூன்று முறை மாதாவின் பிரியதத்த மந்திரம் சொல்லச் சொல்லி அனுப்பினார். போய் உண்மையைச் சொல் என்று உத்தரவாகிவிட்டதாக நான் எடுத்துக்கொண்டேன்.

பாறைக்கு ஓடினேன். சேறு வாரி, தொட்டி கட்டி எல்லாம் முடிந்திருந்தது. குழாயின் கீழ்முனையைக் கட்டையால் அடைத்து, மேலிருந்து தண்ணீர் ஊற்றி நிரப்பியிருந்தார்கள். மேலே நைனா மறுமுனையைச் சுனைக்குள் அமிழ்த்திப் பிடித்திருந்தார். கீழே சித்தப்பா கட்டையைப் பிடுங்கக் குனிந்தார்.

"எஞ்சினீரே கெடையாது!" என்று கத்தினேன். "காயிதம் என் நோட்டுல கிழிச்சது! பின்னால என் வாய்ப்பாடு இருக்குது!"

"இன்னாடா சின்னவனே, நெசமா?" என்றார் எதிர்வீட்டுப் பெரியவர்.

சித்தப்பா கட்டையிலிருந்து கையை எடுத்துவிட்டார். "ரெண்டு நாள் பொழப்ப உட்டுட்டு வந்தோமே" என்று ஒருவர் மண்வெட்டியைத் தோளில் போட்டார். இனி அந்தத் தெருவில் சித்தப்பா தலைநிமிர்ந்து நடக்க முடியாது என்பது எனக்கே தெரிந்தது.

அம்மா காலிக் குடத்தை இடுப்பில் மாற்றி வைத்தாள். "எஞ்சினீர் இருந்தா இன்னா, இல்லாட்டி இன்னா? கட்டையப் புடுங்குங்க தம்பி."

பிடுங்கினார். தண்ணீர் பீறிட்டது.

"இது நாம ஊத்தின தண்ணி. இப்ப நின்னுடும் பாரு" என்றார் பெரியவர். எல்லாரும் பார்த்தோம். நிற்கவில்லை. தொட்டி பாதி நிறைந்தபோது உச்சியிலிருந்து நைனா கூவினார்: "எறங்குதுடா! சுனை எறங்குது!"

பெண்கள் சிரித்தார்கள், ஒருத்தி அழுதாள். பெரியவர் தாடையைத் தடவிவிட்டுத் தீர்ப்புச் சொன்னார்: "மூணாங் கிளாசு தாண்டாதவன் இவன். இவனுக்கு இதெல்லாம் எப்பிடித் தெரியும்? எஞ்சினீரு இருக்கறாரு. இந்தப் பயதான் பொய் சொல்றான்."

நைனா இறங்கி வந்து விஷயத்தைக் கேட்டதும் என் காதைத் திருகினார். "நாளைக்கி நன்மை வாங்கப் போற வாயாடா இது?"

"காயிதத்தைத் திருப்பிக் காட்டச் சொல்லுங்க!" என்று அழுதேன்.

சித்தப்பா சட்டைப் பையிலிருந்து கடிதத்தை எடுத்தார். என்னைப் பார்த்தார். தொட்டியின் வடிகால் ஓட்டையில் அடைத்திருந்த தக்கையைச் சுற்றித் தண்ணீர் கசிந்துகொண்டிருந்தது. கடிதத்தை நாலாக, எட்டாக மடித்து அந்தச் சந்தில் வைத்துக் குத்தி இறுக்கினார்.

"ஒழுகுது அண்ணே" என்றார்.

அன்று சாயங்காலமே என்னை மறுபடி கோயிலுக்கு அனுப்பினார்கள். "பொய் சொன்னேன், சாமி" என்றேன். அதுதான் நான் அந்த வாரம் சொன்ன ஒரே பொய்.

மறுநாள் பெண்கள் தொட்டியில் குடம் நிரப்பிக்கொண்டே, "உங்க எஞ்சினீருக்கு எங்க கும்புடு சொல்லி எழுதுங்க" என்றார்கள். "எழுதறேன்" என்றார் சித்தப்பா. என்னிடம் வந்து, இந்த முறை கேட்டு, ஒரு தாள் வாங்கிக்கொண்டார்.

சும்மா பாசாங்கு என்று நினைத்துப் பக்கத்திலேயே நின்றேன். அவர் பென்சிலை நாக்கில் நனைத்து எழுத ஆரம்பித்தார். நான் படித்துவிடாதபடி நாலு விரல் கையால் மறைத்துக்கொண்டார். ஒரு பக்கம் முடிந்தது. திருப்பி மறுபக்கமும் எழுதினார். இல்லாத ஆளுக்கு எழுத இவ்வளவு என்ன இருக்கிறது என்று எனக்கு விளங்கவில்லை. இதில் இன்னும் என்ன சூது இருக்கிறதோ என்று சந்தேகமாகவே பார்த்துக்கொண்டிருந்தேன்.

அவர் தலைநிமிராமல் என் பக்கம் கையை நீட்டினார்.

"இன்னொரு தாளு குடுடா."