ஏழு பேர் பெயர் கொடுத்த சனிக்கிழமை

இதில் ஒரு வார்த்தைகூட ஜோடனை இல்லை. ஜமுனாவைக் கேட்டால் அவளே சொல்லுவாள். பொழுது சாய்ந்த பிறகு கேட்டால் மட்டும் சொல்ல மாட்டாள். அந்தப் பெயர் நோட்டு இன்றைக்கும் வேதக்கோயில் அலமாரியில் இருக்கிறது. போன நவம்பர் மாதத்துப் பக்கத்தில் ஏழு பெயர்கள். ஏழும் அவள் கையால் எழுதியவை.

பழவேற்காடு ஏரிக்குள் நீட்டிக்கொண்டிருக்கும் சின்ன ஊர் அது. ஊரின் கடைசியில், தண்ணீரை ஒட்டி, மிஷன் காலத்து வேதக்கோயில். ஒரு காலத்தில் ஞாயிற்றுக்கிழமை என்றால் வாசலில் செருப்பு விட இடம் இருக்காது. பிறகு பஸ் ரோட்டில் ஒரு ஜெப மண்டபம் வந்தது. டிரம்ஸ், கீபோர்டு, பெரிய ஸ்பீக்கர். ஜனங்கள் அங்கே போனார்கள். சிலர் பிழைப்பு தேடி மீஞ்சூர், சென்னை என்று போனார்கள். கோயிலில் மிஞ்சியது மூன்று பேர். ஏரியில் கையால் இறால் தடவிப் பிழைக்கும் பெருமாள், அவர் பெண்சாதி முத்தம்மாள், அப்புறம் கோயிலைப் பெருக்கி மணி அடிக்கும் ஜமுனா.

நவம்பர் முதல் வாரம் போதகர் தேவேந்திரன் பைக்கில் வந்தார். அவருக்கு இந்த மாதிரி ஆறு கோயில்கள். ஹெல்மெட்டைக் கழற்றாமலே பேசினார்.

"மேலிடத்துல முடிவு பண்ணிட்டாங்கம்மா. இந்தத் திருவிருந்துக்கு ஏழு பேராவது பேர் கொடுக்கணும். இல்லைன்னா கோயிலைப் பூட்டிடுவாங்க."

"கல்லறைத் தோட்டம்?"

"அதுவும்தான். இனிமே இங்க யாரையும் அடக்கம் பண்ண முடியாது."

ஜமுனா தோட்டத்துப் பக்கம் திரும்பிப் பார்த்தாள். அவள் புருஷன் அந்தத் தோட்டத்தில்தான் படுத்திருக்கிறான். ஆறு வருஷம் ஆயிற்று. அவன் பக்கத்தில் ஒரு ஆள் நீளத்துக்கு இடம் விட்டிருந்தார்கள். அதில் முளைக்கும் புல்லை வாராவாரம் அவள் பிடுங்கி வைப்பாள். பிள்ளை இல்லை, நிலம் இல்லை. தனக்கென்று அவள் நினைத்துக்கொண்டிருந்தது அந்த ஆறடி மட்டும்தான்.

விட்டுப் போனவர்களைத் தேடித் தேடிக் கூப்பிட்டாள். ஷேர் ஆட்டோ ஓட்டும் நீலமேகம் ஸ்டாண்டில் எல்லோர் முன்னாலும் சிரித்தான்.

"மூணு பேரா? கேரம் ஆடக்கூட ஒரு கை குறையுதே யக்கா!"

மீஞ்சூரில் இருக்கும் நாத்தனார் தேவிக்குப் போன் செய்தாள்.

"அண்ணி, அங்க நீங்க மூணு பேரும் பாடுற பாட்டுக்கு வாசல்ல தூங்குற நாய்கூட எழுந்திருக்காது. பேசாம நீ இங்க வந்துடு."

யாரும் வருவதாகச் சொல்லவில்லை.

அந்தக் கோயிலில் ஒரு வழக்கம் உண்டு. திருவிருந்துக்கு முந்தின நாள் சாயங்காலம் பெயர் கொடுக்க வேண்டும். இறால் தடவிவிட்டு வருகிறவர்கள் உடம்பெல்லாம் சேறும் தண்ணீருமாக இருப்பார்கள். அப்படியே உள்ளே வரக் கூடாதென்று, ஏரிப் பக்கத்து ஜன்னலுக்கு வெளியே நின்று கதவை இரண்டு தட்டுத் தட்டுவார்கள். ஜன்னலின் கீழ்க்கதவு சாத்தியிருக்கும். மேல்கதவு கொஞ்சம் திறந்திருக்கும். முகம் தெரியாது. உள்ளே இருப்பவர் "யாரு?" என்று கேட்க வேண்டும். குரல் தெரிந்தாலும் கேட்க வேண்டும். வந்தவர் தன் வாயால் பெயர் சொல்ல வேண்டும். எழுதிய பெயர் ஒவ்வொன்றுக்கும் மறுநாள் திருவிருந்தில் ஒரு சின்னக் கண்ணாடிக் கிண்ணத்தில் திராட்சை ரசம்.

அந்தச் சனிக்கிழமை காலையிலிருந்தே மழை.

மாலை 5 மணி. டக்... டக்.

"யாரு?"

"முத்தம்மாள். என் பேரை முதல்ல எழுதுடி. இந்தாளு எங்க போனாலும் முந்திக்கிறாரு."

"பெருமாள்," என்றது இன்னொரு குரல். "தண்ணி ஏறிகினே வருது. சீக்கிரம் சாத்திகினு கெளம்பு."

ஜமுனா இரண்டு பேரையும் எழுதினாள். கீழே தன் பெயரை எழுதினாள். மூன்று.

5:25க்குக் கரண்ட் போனது. மெழுகுவர்த்தி ஏற்றினாள். ஆறரை வரைக்கும் பார்த்துவிட்டுப் போகலாம் என்று உட்கார்ந்திருந்தாள்.

5:38. டக்... டக்.

"யாரு?"

"நீலமேகம்."

ஜமுனாவுக்கு ஒரே சந்தோஷம். கிண்டல் பண்ணினாலும் வந்துவிட்டானே! அவசர அவசரமாக எழுதினாள். எழுதி முடித்த பிறகுதான் ஒன்று உறைத்தது. வெளியே மழை கொட்டுகிறது. அவன் குரலில் மழைச் சத்தமே இல்லை. அவன் பின்னால் ஆட்டோ எஞ்சின் ஓடும் சத்தம் கேட்டது. ஜன்னலுக்கு அந்தப் பக்கம் ரோடு கிடையாது. ஏரிதான்.

எங்கேயோ போகிற சத்தம் காற்றில் வருகிறது என்று நினைத்துக்கொண்டாள்.

5:51. டக்... டக்.

"யாரு?"

"மஞ்சு."

முன்பு பாட்டுக் குழுவில் இருந்தவள். இப்போது சென்னையில். இந்த மழையில் சென்னையிலிருந்தா? அவள் குரலுக்குப் பின்னால் குக்கர் விசில் அடித்தது.

எழுதினாள்.

6:02.

"யாரு?"

"முத்துராஜ்."

படகுக்காரன். ஜெப மண்டபத்துக்குப் போய்விட்டவன்.

எழுதினாள். ஆறு. இன்னும் ஒன்று... ஒன்றே ஒன்று.

6:10. டக்... டக்.

"யாரு?"

"தேவி."

ஏழு!

ஜமுனா துள்ளி எழுந்தாள். "ஏய் தேவி! நனையாத, உள்ள வாடி!"

கீழ்க்கதவைத் திறந்தாள்.

யாரும் இல்லை.

சுவரில் பாதிக்குத் தண்ணீர் ஏறியிருந்தது. அங்கே நிற்கிறவர் இடுப்பளவு தண்ணீரில்தான் நிற்க வேண்டும். மெழுகுவர்த்தியைத் தூக்கிப் பிடித்தாள். மழைத்துளி விழும் புள்ளிகள். வேறு ஒரு அலைகூட இல்லை.

"தேவி...?"

இன்னும் எட்டிப் பார்த்தாள்.

கதவைச் சாத்தினாள். தாழ்ப்பாள் விழவில்லை. முதுகைக் கொடுத்து அழுத்தி நின்றாள்.

6:14.

டக்... டக்.

அவள் முதுகு ஜன்னலோடு ஒட்டியிருந்தது. அந்தத் தட்டு பலகை வழியாக முதுகெலும்பில் கேட்டது.

வாயைப் பொத்திக்கொண்டாள்.

டக்... டக்.

"யாரு?" என்று அவள் கேட்கவில்லை.

யாரோ மூச்சு விடுகிறார்கள். காத்திருக்கிறார்கள்.

டக்...

நின்றது.

மெழுகுவர்த்தி அணைந்தது.

வீட்டுக்கு எப்படி வந்தாள் என்று அவளுக்கு நினைவில்லை.

மறுநாள் ஆராதனைக்கு வந்தது மூன்றே பேர். கிண்ணங்கள் ஏழு. போதகர் நோட்டைப் பார்த்தார். காலி பெஞ்சுகளைப் பார்த்தார். ஜமுனாவைப் பார்த்தார்.

"இவங்க நிஜமாவே பேர் கொடுத்தாங்களாம்மா?"

அந்தப் பக்கத்தை அவள் கிழித்திருக்கலாம். தேவிக்கு ஒரு போன் போட்டு, நேற்று வந்தாயா என்று கேட்டிருக்கலாம். இல்லை என்று சொல்லிவிட்டால் ஏழு மறுபடி மூன்றாகிவிடும். ஆறடி போய்விடும்.

"கொடுத்தாங்கய்யா," என்றாள்.

"அப்போ சரி. மேலிடத்துல கேக்குறது பேரைத்தான்." அவர் ஏழு என்று எழுதிக்கொண்டு போனார். கோயில் பிழைத்தது. அந்த மாதக் கடைசியில் மேலிடத்திலிருந்து பாராட்டிக் கடிதம்கூட வந்தது. சபையில் எழுப்புதல், அதாவது புது விசுவாசம், உண்டாகியிருப்பதாக.

டிசம்பர் 9. நீலமேகம் ஆட்டோவில் உட்கார்ந்தபடியே நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சாய்ந்தான். ஜெப மண்டபத்துக்குக் கல்லறைத் தோட்டம் கிடையாது. அவன் பெண்சாதி வேதக்கோயில் வாசலில் வந்து நின்றாள். "எங்க ஊட்டுக்காரு பேரு இங்க கீதா?"

ஜமுனா நோட்டைத் திறந்து காட்டினாள்.

ஜனவரியில் மஞ்சு. காய்ச்சல் என்று படுத்தவள். மார்ச்சில் முத்துராஜ், படகிலிருந்து தவறி விழுந்து. நோட்டில் நான்காவது பெயரிலிருந்து வரிசை மாறவில்லை. ஒவ்வொரு சாவுக்கும் கோயில் நிரம்பியது. செருப்பு விட இடம் இல்லை. போதகர், "ஜனம் திரும்புதும்மா," என்றார்.

முத்துராஜை அடக்கம் பண்ணிய ராத்திரி ஜமுனா தேவிக்குப் போன் செய்தாள்.

"நல்லா கீறியா?"

"நல்லா கீறேன் அண்ணி. இன்னா விஷயம்?"

எப்படிச் சொல்வது? சொன்னால் மட்டும் எழுதியது அழியுமா?

"ஒண்ணுமில்ல. சும்மாதான்."

மே 2. தேவிக்கு வயது முப்பத்தாறு. தூக்கத்திலேயே போய்விட்டாள். டாக்டர் காரணம் எதுவும் சொல்லவில்லை. தோட்டத்தில் குழி வெட்ட ஒரே இடம்தான் பாக்கி இருந்தது. அண்ணன் பக்கத்தில் தங்கச்சி படுக்கட்டும் என்றார்கள் எல்லோரும். ஜமுனா புல் முளைக்காமல் காத்து வைத்திருந்த இடம்.

எல்லோரும் போன பிறகு தேவியின் மகள் ஐஸ்வர்யா கோயில் படியில் உட்கார்ந்திருந்தாள். பன்னிரண்டு வயது. அழுது முகம் வீங்கியிருந்தது.

"அத்தை, அன்னிக்கு எங்க வீட்டுக்கு வந்துட்டு ஏன் உள்ள வரல?"

"என்னிக்குமா?"

"மழை பெஞ்சுதே, அந்தச் சனிக்கிழமை. சமையக்கட்டு ஜன்னலுக்கு வெளிய நின்னுகினு 'யாரு?'ன்னு கேட்டீங்களே. அம்மா பாத்திரம் தேய்ச்சுகினே சிரிச்சுது. 'பாருடி, நம்ம வீட்டுக்கு வந்து நம்மையே யாருன்னு கேக்குது உங்க அத்தை'ன்னுச்சு. அப்புறம் பேரைச் சொல்லுச்சு. வெளிய வந்து பார்த்தோம். நீங்க இல்ல."

ஜமுனா அன்றைக்குச் சாயங்காலம் வேதக்கோயிலை விட்டு எங்கேயும் போகவே இல்லை.

"மஞ்சு அத்தையும் போன்ல சொல்லுச்சாம், அவங்க வீட்லயும் உங்க குரல் கேட்டுச்சுன்னு," என்றாள் ஐஸ்வர்யா. மூக்கைத் துடைத்துக்கொண்டாள். "அம்மா சொன்னதும் நானும் என் பேரைச் சொல்லலாம்னு ஜன்னலைத் தட்டினேன். ரெண்டு மூணு தடவை தட்டினேன் அத்தை. நீங்க கேக்கவே இல்ல."

ஏரியிலிருந்து காற்று வந்தது. ஐஸ்வர்யா அவள் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"அடுத்த தடவை என்னையும் கேளுங்க."