ராணிக்காகப் போட்ட மொட்டை

நாய்க்காக ஒருவர் திருப்பதியில் மொட்டை போட்டுக்கொண்டார் என்றால் இன்றைக்கும் எங்கள் வீட்டில் சிரிப்பார்கள். எனக்கு மட்டும் சிரிப்பு வராது.

நான் மூன்றாவது படித்தபோது நடந்தது. ஆந்திர எல்லையில் இருக்கும் நகரியில் எங்கள் தறிக் கொட்டகைக்குப் பக்கத்து மைதானத்தில் ஒரு வித்தைக்காரர் வருஷா வருஷம் இரண்டு நாய்களோடு வந்து கூடாரம் போடுவார். சைக்கிள் ரிம்முக்குள் தாவுவது, இரண்டு காலில் நின்று சலாம் வைப்பது எல்லாம் ராணி என்ற கிழநாய்தான். மற்றது வெறும் சோற்றுக்கு வந்தது. அந்த வருஷம் ராணி படுத்த படுக்கையாகிவிட்டது.

மலைக்குப் போய் முடி கொடுத்தால் பெருமாள் ராணியை எழுப்பி நிற்க வைப்பார் என்று அவர் நம்பினார். நாய்களை மலைக்கு ஏற்ற மாட்டார்கள். அதனால் இரண்டையும் கொண்டுவந்து எங்கள் கொட்டகை ஓரத்தில் விட்டார்.

"நாய்க்கா மொட்ட?" என்று எங்கள் நைனா சிரித்தார்.

"அது குதிச்சிதாண்ணா நான் துன்னுக்கினு கீறேன்" என்றார் அவர். என்னிடம், "கஞ்சி மட்டும் ஊத்தும்மா. ஆட வெக்காத" என்று சொல்லிவிட்டு பஸ் ஏறினார்.

எனக்கு வாயும் சும்மா இருக்காது, கையும் சும்மா இருக்காது. பள்ளிக்கூடத்தில் பீற்றிக்கொண்டதில் சாயங்காலம் ஏழெட்டுப் பெண்கள் கூடிவிட்டார்கள். மானம் போய்விடுமே என்று அவர் விட்டுப்போன ரிம்மைத் தூக்கிப் பிடித்து, அவரைப் போலவே தெலுங்கில் "ராணீ, லே!" என்று கத்தினேன். பின்னங்கால்கள் வெடவெடவென்று நடுங்க ராணி எழுந்தது. தாவவில்லை, ஆனால் இரண்டு காலில் நின்று சலாம் வைத்தது. எல்லோரும் கைதட்டினார்கள். இன்னொரு தரம் என்றார்கள். இன்னொரு தரமும் வைத்தது, பாவம்.

காலையில் பார்த்தால் விறைத்துக் கிடந்தது. நைனா சாக்கில் சுற்றிக் கொட்டகைக்குப் பின்னால் புதைத்தார். ஆட வைத்ததைப் பற்றி நான் யாரிடமும் மூச்சு விடவில்லை.

மத்தியானம் அவர் வந்தார், மொட்டைத் தலையில் சந்தனத்தோடு. விஷயம் கேட்டதும் அந்த மண்மேட்டுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து குலுங்கிக் குலுங்கி அழுதார். வளர்ந்த ஆம்பிளை அப்படி அழுது நான் பார்த்ததே இல்லை. கொஞ்ச நேரம் கழித்து என்னைக் கூப்பிட்டார்.

"ஒருவாட்டியாவது எழுந்து நின்னுச்சாம்மா?"

யாரோ போட்டுக்கொடுத்துவிட்டார்கள் என்று நினைத்தேன்.

"இல்ல மாமா. படுத்துக்கினேதான் இருந்துச்சி."

அவர் தலையை ஆட்டிக்கொண்டார். பையிலிருந்து லட்டை எடுத்துப் பாதியைப் பிட்டு என் கையில் வைத்தார். மற்ற நாயை அழைத்துக்கொண்டு போனவர், அதற்கப்புறம் எங்கள் ஊருக்கு வரவே இல்லை.

தப்பித்தோமடா சாமி என்று நான் லட்டில் முந்திரியைத் தேடிக்கொண்டிருந்தேன். நின்றது, சலாமும் வைத்தது என்று நான் சொல்லக் கேட்கத்தான் அந்த மனிதர் அவ்வளவு ஆசையாகக் கேட்டார் என்பது எனக்கு அப்போது தெரியவில்லை.