ஏலக்காட்டில் பேர் சொல்லாமல் இருந்த மூன்று மாதம்

1. எல்லைக்கல்

ஏலக்காய் எடுக்க நான் முதன்முதலில் மலை ஏறியது ஜப்பான் சண்டைக் காலத்தில். கூடலூரிலிருந்து பதினோரு பொம்பளைகள் போனோம். பாதி மலையில் ஒரு கல் நட்டிருக்கும். அங்கே கங்காணி தேங்காய் உடைத்துவிட்டு எங்களிடம் சொன்னார்.

"இதுக்கு அங்கிட்டு யாரும் யாரையும் பேரு சொல்லிக் கூப்பிடப்படாது. காடு கேட்டுச்சுன்னா அந்தப் பேரை வச்சுக்கிரும். பெரியவுக அப்படித்தான் சொல்லியிருக்காக."

யாரும் ஏன் என்று கேட்கவில்லை. எனக்கு நாலு பேர் நடுவில் வாய் திறக்கவே கூச்சம். பேர் சொல்ல வேண்டாம் என்றது சௌகரியமாகக்கூட இருந்தது.

ஏலத்தோட்டம் வெயில் விழுகிற இடம் இல்லை. பெரிய மரங்களுக்கு அடியில் ஆள் உயரத்துக்கு மேல் செடி. ஆளுக்கு ஒரு நிரை, ஒரு வரிசைச் செடி. குனிந்து தூரில் காய் எடுத்துக்கொண்டே போனால் பக்கத்து நிரைக்காரியைத் தெரியாது. அவ்வப்போது ஒருத்தி "கூ" என்று சத்தம் கொடுப்பாள், மற்றவர்கள் திருப்பிக் கொடுப்போம். பகல் முழுக்கப் பேச்சு அவ்வளவுதான். மழை விடவே விடாது.

2. மூணாம் நிரை

எனக்கு அடுத்த நிரை செல்லத்தாயிக்கு. ராத்தங்குகிற குடிசையான சாளையிலும் என் பக்கத்தில்தான் படுப்பாள். மூன்று வயசுப் பெண்ணை மாமியாரிடம் விட்டு வந்தவள். முதல் மாதம் எங்களைச் சிரிக்க வைத்தது அவள்தான். காலில் ஒட்டிய அட்டையைப் பிடுங்கிக்கொண்டே, "எங்க மாமியாளுக்கு இது எவ்வளவோ தேவலத்தா. வயிறு நெறஞ்சா விட்டுட்டுப் போயிருது" என்பாள்.

இரண்டாம் மாதம் அந்தப் பேச்சு நின்றது. பிறகு கூ சத்தம் நின்றது. பிஞ்சையும் முற்றிய காயையும் சேர்த்துப் பிடுங்கிப் போட்டாள். கங்காணி, "ஏ மூணாம் நிரை, கண்ணு அவிஞ்சு போச்சா" என்று ஏசினார். வேறு யாரையோ ஏசுகிற மாதிரி நின்றாள்.

ஒருநாள் மத்தியானம் கஞ்சிக்கு உட்கார்ந்திருந்தோம். அவள் கஞ்சியைத் தொடவில்லை.

"ஏத்தா, எம் பேரை ஒருக்காச் சொல்லேன்."

"இங்கனயா? பேசாம இரு."

"காதுக்குள்ள சொன்னாப் போதும். நானே சொல்லிப் பாத்தேன், யாரு பேரோ மாதிரி இருக்கு."

கங்காணி பத்தடி தள்ளி நின்றார். "கீழ எறங்குனதும் சொல்றேன்த்தா" என்றேன். அவள் தலையை ஆட்டிவிட்டு எழுந்து போனாள்.

3. தேடியது

மறுநாள் அவள் நிரையில் கூடை மட்டும் இருந்தது. வரிசையாக விலகி நின்று கூ, கூ என்று கத்திக்கொண்டே தேடினோம்.

"பேரைச் சொல்லிக் கூப்பிடுவமா?" என்று கங்காணியிடம் கேட்டேன்.

"ஒருத்தி போனது பத்தாதா? ஒன்னையும் சேத்துத் தேடணுமா?"

நான் மறுபடியும் கூ என்று கத்திக்கொண்டே நடந்தேன்.

மூன்றாம் நாள் ஓடைக்கரையில் ஒரு மரவேரில் சாய்ந்து கிடந்தாள். உயிர் இல்லை. மழைக்குப் போடும் கம்பளிக் கொங்காணியைக் கழற்றி, மடித்துப் பக்கத்தில் வைத்திருந்தாள். குளிர்தான் என்றார்கள். முதல் நாள் நாங்கள் நின்று கத்திய இடத்துக்கு அது கூப்பிடு தூரம். அவளுக்குக் கேட்டிருக்கும். கூ என்பது யாரை வேண்டுமானாலும் கூப்பிடுகிற சத்தம். அவளை யாரும் கூப்பிடவில்லை.

அங்கேயே புதைத்தோம். அவள் பேரை நான் வாய்விட்டுச் சொன்னது, கீழே இறங்கி அவள் மாமியார் வீட்டு வாசலில் நின்றபோதுதான்.

4. அதற்குப் பிறகு

நாலு வருசம் கழித்துப் பொம்பளை ஆட்களை மேற்பார்க்க என்னை முன்னால் விட்டார்கள். நான் ஒவ்வொரு நிரையாகப் பேர் சொல்லிக் கூப்பிட ஆரம்பித்தேன். "எங்களைக் காட்டுக்குக் காவு குடுக்கவா பாக்குற ஆத்தா?" என்று ஒருத்தி திட்டினாள். முதல் நாள் யாரும் பதில் தரவில்லை. கூச்சத்தில் என் குரலும் எழும்பவில்லை. ஆனாலும் விடவில்லை. நாலாம் நாள் எங்கோ செடிக்குள்ளிருந்து "இருக்கேன்" என்று வந்தது.

காட்டு வேலைக்குப் போகிறவர்களுக்கு நான் சொல்வது இதுதான். பக்கத்து நிரையில் சத்தம் நின்றால் சாயங்காலம் பார்த்துக்கொள்ளலாம் என்று இருக்காதீர்கள். உங்கள் நிரையை விட்டுப் போய், பேரைச் சொல்லி, பதில் வருகிற வரை நில்லுங்கள். காய் நாளைக்கும் செடியில் இருக்கும்.