கையில் ஒட்டிய சிவப்பு

மலாயாவில் அவசரகாலம் நடந்த வருடங்களில், கெடாவில் பாலிங் பக்கம் ஒரு ரப்பர் தோட்டத்தில் பால்மரம் வெட்டிப் பால் எடுத்துக்கொண்டிருந்தேன். நாங்கள் குடியிருந்த லயங்களைச் சுற்றி முள்வேலி. சாப்பாடு வெளியே போனால் காட்டில் ஒளிந்திருக்கும் கம்யூனிஸ்டுகள் கைக்குப் போய்விடுமாம். அதனால் வேலிக்கு வெளியே ஒரு வாய்ச் சோறுகூட எடுத்துப் போகக் கூடாது. காலையில் கேட்டில் சோதித்துப் பார்த்துத்தான் வேலைக்கு விடுவார்கள்.

எனக்கு அப்போது நாலு மாதம். வெறும் வயிற்றோடு மரத்தடியில் குனிந்தால் கண் இருட்டிக்கொண்டு வரும். தீபாவளிக்காகப் பங்கீட்டுச் சீனியை மிச்சம் பிடித்துச் சீனிக்கடலை செய்தேன். பாகு காய்ச்சி, சிவப்புச் சாயப் பொடியை ஒரு சொட்டுத் தண்ணீரில் குழைத்து விட்டு, வறுத்த கடலையைப் புரட்ட வேண்டும். எனக்குத்தான் எதுவும் பளிச்சென்று இருக்க வேண்டுமே! பொடியும் கூடி, தண்ணீரும் கூடி, பாகு இளகிவிட்டது. கடலை காயவேயில்லை. என் விரலெல்லாம் சிவப்பு. சோப்புப் போட்டுத் தேய்த்தும் போகவில்லை.

பக்கத்து வீட்டுப் பெண் என்னை அக்கா, அக்கா என்று சுற்றி வருவாள். கேட்டில் பெண்களைச் சோதிக்கிற அம்மா அவளுக்கு உறவு. அதனால் அவள் வாளியை மட்டும் மேலோட்டமாகப் பார்த்து அனுப்பிவிடுவார். மறுநாள் வரிசையில் நிற்கும்போது, ஒரு பிடி கடலையைப் பொட்டலம் கட்டி, அவள் வாளியில் கிடந்த துணிக்கடியில் செருகினேன். அவளிடம் சொல்லவில்லை. சொன்னால் மாட்டேன் என்பாள். வெட்டுக்குப் போனதும் எடுத்துக்கொள்ளலாம் என்று நினைத்தேன்.

பாகு தாளில் ஊறி, துணி முழுக்கச் சிவப்பு இறங்கியிருந்தது. அங்கே நின்ற போலீஸ்காரர் அதைப் பார்த்துவிட்டார். யாருக்குக் கொண்டுபோகிறாய் என்று மலாயில் அதட்டினார். அவள் தனக்குத் தெரியவே தெரியாது என்றாள். அவள் கை சுத்தமாக இருந்தது. அதை யாரும் பார்க்கவில்லை. அவள்தான் திரும்பி என் விரல்களைப் பார்த்தாள். நான் கையை முந்தானைக்குள் இழுத்துக்கொண்டேன். அவளை லாரியில் ஏற்றிக்கொண்டு போனார்கள்.

அவளைச் சுங்கைப் பட்டாணிச் சிறையில் ஏழு மாதம் அடைத்து வைத்தார்கள். அவளுடைய ஒன்றரை வயதுப் பிள்ளையை நான்தான் குளிப்பாட்டிச் சோறூட்டினேன். தோட்டமே என்னை நல்லவள் என்றது. நானும் கேட்டுக்கொண்டிருந்தேன்.

அவள் திரும்பி வந்தபோது அவள் புருஷனுக்கும் வேலை போயிருந்தது. தோட்டத்தைவிட்டுக் கிளம்பச் சாமான் கட்டிக்கொண்டிருந்தார்கள். பிள்ளையை அவளிடம் நீட்டினேன். அவனுக்குத் தாயை அடையாளம் தெரியவில்லை. வீறிட்டு அழுது என் கழுத்தைக் கட்டிக்கொண்டான். அவள் அவனைப் பிய்த்து எடுத்துத் தோளில் போட்டுக்கொண்டாள்.

"அன்னைக்கே ஒங்க கையப் பாத்தேன்க்கா. நீங்களே சொல்லுவீங்கன்னு நின்னேன்" என்றாள். பிறகு அவளை நான் பார்க்கவேயில்லை.

விரலில் இருந்த சாயம் மூன்று நாளில் போய்விட்டது. வயிற்றுப் பிள்ளைக்காகப் பயந்து வாயடைத்து நின்றேன் என்று எத்தனையோ வருடம் எனக்கு நானே சமாதானம் சொல்லிப் பார்த்தேன். ஆனால் பிள்ளை அவளுக்கும் இருந்தது, பயம் அவளுக்கும் இருந்தது, அவள் என்னைக் காட்டிக்கொடுக்கவில்லையே.