வசனமே இல்லாத போலீஸ்காரர்

போன சனிக்கிழமை மவுண்ட் ஆல்பர்ட்டில் எங்கட தமிழ்ச் சங்கத்து ஆண்டு விழா. பிள்ளைகளே, அங்கே ஒரு மனிதர் வாயே திறக்காமல் ஒரு பெரிய பேச்சை நிறுத்திக் காட்டினார்.

அவர் பெயர் எர்னெஸ்டோ. நாங்கள் இருக்கும் ரானுயியில் பக்கத்து வீடு. ஆர்ஜென்டினாக்காரர். அங்கே வாழ்நாள் முழுக்க சினிமாவிலும் நாடகத்திலும் நடித்தவர்.

ஹீரோவா? இல்லை. வெயிட்டர், டாக்டர், டாக்ஸி டிரைவர், பாதிரியார், பிக்பாக்கெட்... வருவார், ஒரு சீன், போய்விடுவார். போஸ்டரில் அவர் முகம் வந்ததே கிடையாது.

"அது உங்களுக்குக் கவலை இல்லையா அண்ணை?" என்று ஒருநாள் வேலிக்கு மேலால் கேட்டேன்.

"ஏன் தம்பி?" என்றார். தம்பி என்ற சொல்லை என்னிடமிருந்துதான் பிடித்தவர். "ஹீரோவைக் கண்டால் சனம் கையெழுத்துக் கேட்கும். என்னை ஒரு அம்மா பஸ்ஸில் பிடித்து, 'டாக்டர், நீங்கள் ஊசி போட்ட இடம் இன்னும் நோகுது' என்று ஏசினா. அதைவிடப் பெரிய விருது உண்டா?"

அவருடைய மகள் லூசியா, நர்ஸ். சின்ன வயதில் அவள் எழும்ப முன்னமே அப்பா ஷூட்டிங் போய்விடுவார். தூங்கிய பிறகு வருவார். வளர்ந்ததும் இந்த நாட்டுக்கு வந்துவிட்டாள்; நடிப்பை விட்ட பிறகுதான் அப்பா அவளிடம் வந்தார். அப்பா மேடையில் நடித்து அவள் ஒருநாளும் பார்த்ததில்லை.

நான் எழுதிய நாடகத்துக்கு ஒரு போலீஸ்காரர் தேவைப்பட்டார். கார் ஓடப் பழகும் ஒரு அப்பாவை மறிக்க வேண்டும். வசனம் இல்லை. எங்கட ஆக்கள் ஒருவரும் அசையவில்லை — எல்லாருக்கும் அந்த அப்பா வேடம்தான் வேண்டும். எல்லாரும் கார் ஓடினால் யார்தான் மறிக்கிறது?

எர்னெஸ்டோ அண்ணையைக் கேட்டேன். "ஓம்" என்றார். தமிழிலேயே.

நாடகம் ஆறு மணிக்கு. பார்க்க வந்த லூசியா ஏழு மணிக்கு முன்னம் ஷிப்டுக்குப் புறப்பட வேண்டும். நேரம் தாராளம் என்று நினைத்தேன். எங்கட விழாக்களைத் தெரிந்த நான் அப்படி நினைக்கலாமா?

விளக்கேற்றல், வரவேற்புரை, பொன்னாடை... பிறகு சிறப்பு விருந்தினர். நல்ல மனிதர். ஆனால் "கடைசியாக ஒன்று" என்பார், அதற்குப் பிறகு இன்னும் ஒன்று வரும். வயதில் பெரியவரை யார் நிறுத்துவது? லூசியா தோளில் பையும் கையில் கார்த் திறப்புமாக வாசலில் நின்றாள்.

மேடைக்குப் பின்னால் ஓடினேன். "அண்ணை, மன்னிக்கோணும். லூசியா போகப் போறா."

அவர் தொப்பியைச் சரிசெய்துகொண்டு நடந்தார்.

பிள்ளைகளே, அவர் போட்டிருந்தது நான் பழைய துணிக்கடையில் வாங்கிய சாதாரண நீலச் சட்டை. போலீஸ் ஆனது அவருடைய நடை. கை இரண்டும் பெல்ட்டில், அவசரமே இல்லை. மேடை ஓரத்தில் நின்றார். விருந்தினரைப் பார்த்தார். கார் பார்க் பக்கம் பார்த்தார். மறுபடி விருந்தினரைப் பார்த்து, மெல்லத் தலையை ஆட்டினார் — பாவம் என்பதுபோல.

பேச்சு நின்றது.

"என்ட காரோ?" என்று விருந்தினர் மைக்கிலேயே கேட்டார். பதிலுக்கு நிற்காமல் இறங்கி வெளியே போய்விட்டார். சபை முழுக்கச் சிரிப்பு.

நாங்கள் உடனே நாடகத்தைத் தொடங்கினோம், அதுவும் போலீஸ் சீனிலிருந்து. லூசியா வாயைப் பொத்திக்கொண்டு அசையாமல் பார்த்தாள். போகும்போது என்னிடம் சொன்னாள்: "சின்னனில் அப்பா ஒவ்வொரு நாளும் எங்கே போனவர் என்று இன்றைக்குத்தான் எனக்குத் தெரிந்தது."

எனக்கே நெஞ்சு நிமிர்ந்தது. பக்கத்து வீட்டுக்காரன் என்ற ஒரே உரிமைதான்!

பள்ளி நாடகத்தில் உங்களுக்கு மரமோ வாசல் காவலாளியோ கிடைத்தால் முகத்தைத் தொங்கப் போடாதீர்கள். உங்களைப் பார்த்து ஒருவராவது உண்மை மரம் என்று நம்பட்டும்.

அது சரி, விருந்தினர்? கார் பார்க்கிலிருந்து அப்படியே வீட்டுக்குப் போனவர் நேற்று போன் எடுத்தார். "தம்பி, காரில் ஒரு பிழையும் இல்லை. ஆனா அந்தப் போலீஸ்காரர் ஃபைன் ஏதும் அனுப்புவாரோ?"

"அனுப்பமாட்டார் ஐயா. நல்ல மனிதர்" என்றேன்.

இதை வேலிக்கு மேலால் சொன்னதும் எர்னெஸ்டோ அண்ணை கொலரை நிமிர்த்திவிட்டுக்கொண்டார். "நான் நடிகன் என்று அவருக்குச் சொல்லிப்போடாதே தம்பி."

பிள்ளைகளே, நீங்களும் வாயைத் திறக்கக் கூடாது.