மாற்றுக்கண்ணி மணவாளன்

சட்டைப்பையிலிருந்து சாக்பீஸை எடுத்தாயிற்று. இனிமேல் கடைக்காரர் துளசிங்கம் தடுத்துப் பயனில்லை. மலையடிவாரத்து டீக்கடையின் கரும்பலகையில் ‘வென்னை பிஸ்கட்’ என்று எழுதியிருந்ததை மணவாளன் உள்ளங்கையால் துடைத்தார். ‘வெண்ணெய் பிஸ்கட்’ என்று எழுதினார். ஓரடி பின்னால் போய்ப் பார்த்தார். இடம் போதாமல் பிஸ்கட்டின் கடைசி எழுத்து மரச்சட்டத்தின் மேல் ஏறி உட்கார்ந்திருந்தது.

“சார், ஒவ்வொரு வாட்டியும் நீங்க எழுதுனப்புறம் ஒருத்தரும் அத கேக்க மாட்றாங்க. இன்னாமோ புதுச் சரக்குன்னு பயந்துக்கிறாங்க” என்றார் துளசிங்கம்.

“ஆங், நம்ம கைராசி அப்பிடி. நான் தொட்டா வெண்ணெய்கூட வெல போவாது” என்று சொல்லிவிட்டு மணவாளன் தன் டீயை வாங்கிக்கொண்டார். தன்னைத் தானே ஒரு குட்டு குட்டிக்கொள்ளாமல் அவரால் டீ குடிக்க முடியாது.

ஐம்பதை எட்டப்போகிற வயது. திருவாலங்காட்டுப் பக்கத்துச் சர்க்கரை ஆலையின் ஆய்வகத்தில் வேலை. கரும்புச் சாற்றில் இனிப்பு எவ்வளவு என்று நாள் முழுக்கப் பார்த்துச் சொல்ல வேண்டும். “ஊருக்கெல்லாம் இனிப்பு பாத்துச் சொல்லிகினு கீறேன், நமக்கு சக்கர வியாதி” என்பார். அவருடைய எல்லாச் சட்டைகளிலும் இடது மார்புப் பையைச் சுற்றி ஒரு வெள்ளைத் திட்டு இருக்கும். எவ்வளவு அடித்துத் துவைத்தாலும் அந்தச் சாக்பீஸ் தூள் போவதில்லை என்று அவர் மனைவி கோமளவல்லி சலித்துக்கொள்வாள்.

ண, ன மேல் அவருக்கு இத்தனை வெறி வந்ததற்கு ஒரு காரணம் உண்டு. அவர் படிக்கிற காலத்தில் அவர் ஊரான திருத்தணி சித்தூர் ஜில்லாவில், ஆந்திராவில் இருந்தது. பள்ளிக்கூடத்தில் தெலுங்கு, வீட்டில் தமிழ். தமிழ் எழுத்தை மீசை முளைக்கிற வயதில் தானாகவே கற்றுக்கொண்டார். பிறகுதான் ஊர் தமிழ்நாட்டுப் பக்கம் வந்தது. லேட்டாகக் கல்யாணம் ஆனவன் பெண்டாட்டியைத் தாங்குவதுபோல அவர் தமிழைத் தாங்கினார். மூன்று சுழி எங்கே, இரண்டு சுழி எங்கே என்பதில் ஊரில் ஒருவருக்கும் அக்கறை இல்லை என்பது அவருக்கு நிஜமாகவே வருத்தமாக இருந்தது.

சென்னையில் சில பேராசிரியர்களும் ஆர்வலர்களும் சேர்ந்து உயிர்வேதியியலுக்கு ஒரு கலைச்சொல் அகராதி தயாரிக்க ஆரம்பித்தபோது, மணவாளன் தாமாகவே எழுதிப் போட்டு உள்ளே நுழைந்தார். ஆங்கில எழுத்துகளைப் பங்கு பிரித்ததில் அவருக்கு ‘டி’ விழுந்தது. “டீக்கடையிலயே குந்திகினு இருக்கிறவனுக்கு டீயவே குடுத்துட்டாங்க” என்று துளசிங்கத்திடம் சொன்னார். மற்றச் சொற்களெல்லாம் சுலபமாகவே வழிக்கு வந்தன. ஒன்று மட்டும் மாட்டேன் என்று நின்றது. டெப்சிபெப்டைடு.

விஷயம் ஒன்றும் கஷ்டமில்லை. பெப்டைடு என்பது அமினோ அமிலங்கள் வரிசையாகக் கைகோத்து நிற்கும் சங்கிலி. ஒவ்வொரு பிணைப்பும் ஒரே மாதிரி இருக்கும். சில சங்கிலிகளில் மட்டும், ஏதோ ஓர் இடத்தில், அந்தப் பிணைப்பு இல்லாமல் எஸ்டர் பிணைப்பு என்கிற வேறு இனம் புகுந்திருக்கும். சங்கிலி அறுவதில்லை, ஆனால் அது பழைய சங்கிலியும் இல்லை. அதற்குத்தான் அந்தப் பெயர். பூஞ்சைகளும் கிருமிகளும் இதைச் செய்கின்றன, மருந்துகூட ஆகிறது. வளையமாக இருந்தால்தான் இந்தப் பெயர் செல்லும் என்பதுபோலச் சிலர் எழுதுகிறார்கள், நீளமாக இருந்தாலும் செல்லும் என்று வேறு சிலர். மணவாளன் தம் வாழ்நாளில் ஒரு டெப்சிபெப்டைடையும் கண்ணால் பார்த்ததில்லை. “பொண்ணப் பாக்காமயே பேரு வெச்சிகினு இருக்கிறேன்” என்பார்.

வேர்ச்சொல்லைப் பிடித்துப் போகலாம் என்று பார்த்தார். டெப்சி என்பது கிரேக்கத்தில் தோல் பதனிடுவதிலிருந்து, பிசைவதிலிருந்து வந்தது என்று தெரிந்தது. ‘பதனிட்ட பெப்டைடு’ என்று எழுதிப் பார்த்தால் ராணிப்பேட்டைத் தோல் தொழிற்சாலைகள் வழியாக பஸ்ஸில் போகிற வாசனை அடித்தது. பெப்டைடு என்பதோ செரிமானத்திலிருந்து வந்த சொல். இரண்டையும் சேர்த்தால் பிசைந்து செரித்தது. “தயிர் சாதத்துக்கு வந்து நிக்குது” என்று அவரே சொல்லிச் சிரித்தார்.

அந்தச் சமயத்தில்தான் ஆடிக் கிருத்திகைக் கூட்டத்தில் ஒரு காவடியின் முனை மாட்டி, கோமளவல்லியின் கழுத்துச் சங்கிலி அறுந்தது. பள்ளிப்பட்டில் தறி வைத்திருந்த அவள் அப்பா கல்யாணத்துக்குப் போட்டது. சரிசெய்து கொடுத்த ஆறுமுக ஆசாரி, “ஒரு கண்ணி போயிட்ச்சிம்மா, வேற கண்ணி மாத்திக் கீறேன்” என்றார். எல்லாக் கண்ணியும் நீள்வட்டம், இது மட்டும் சின்ன உருண்டை. நிறமும் கொஞ்சம் சிவப்பு. கோமளவல்லிக்கு அது மானக்கேடாக இருந்தது. அந்தக் கண்ணியைப் பிடரிக்குத் தள்ளிக் கொண்டைக்குக் கீழே மறைத்துவைத்தாள். சங்கிலி நழுவி அது முன்னால் வரும். பேசிக்கொண்டே, மாவாட்டிக்கொண்டே, விரல் அதைத் தேடிப் பின்னால் தள்ளிவிடும்.

அவள் விரலையே பார்த்துக்கொண்டு சாப்பிட்டுக்கொண்டிருந்த மணவாளனுக்குச் சொல் கிடைத்துவிட்டது. மாற்றுக்கண்ணிப் பெப்டைடு. சோற்றுக் கையோடு எழுந்து போய் எழுதிவைத்தார். எங்கிருந்து வந்தது என்று மட்டும் அவளிடம் சொல்லவில்லை. மறைக்கிற ஒன்றைப் பற்றி எந்தப் பெண்ணிடம் பேச முடியும்?

அந்தச் சொல்லின் மேல் அவருக்கு உண்டான ஆசையைச் சொல்லிவிட வேண்டும். நூற்றுக்கணக்கான சொற்களைத் தொட்டிருக்கிறார். மற்றதெல்லாம் யாரோ செய்ததைத் தட்டிக் கொட்டியது. இது ஒன்றுதான் சொந்தம். தாம் போன பிறகும் எங்கேயோ எவனோ இந்தச் சொல்லை எழுதுவான், தம் பேர் தெரியாமலே எழுதுவான் என்று நினைத்தால் அவருக்கு நெஞ்சு நிறைந்தது. குழுத் தலைவர் பேராசிரியர் இளங்கோவனுக்கோ டெப்சிபெப்டைடு என்றே விட்டுவிடலாம் என்று எண்ணம். வேண்டுமானால் குழுவின் மாதப் பத்திரிகையில் மணவாளன் ஒரு கட்டுரை எழுதட்டும், அடுத்த கூட்டத்தில் எல்லோருமாக முடிவு செய்யலாம் என்றார்.

பத்திரிகை வந்தது. கோமளவல்லிதான் தபாலைப் பிரித்தாள். கொட்டை எழுத்தில் ‘மாற்றுக்கன்னி’ என்று தலைப்பு. அதற்கு நேர் கீழே ‘மணவாளன்’.

“இன்னாங்க, எவ இவ?” என்றாள். “பத்திரிகையே அடிச்சிட்டீங்க, முகூர்த்தம் என்னிக்கு?”

மணவாளன் பத்திரிகையைப் பிடுங்கிப் பார்த்தார். அச்சுக் கோத்தவனை இரண்டு நிமிஷம் திட்டினார். பிறகு தம் கைப்பிரதியின் நகலை எடுத்துப் பார்த்தார். தலைப்பில் அவரே, தம் கையாலேயே, இரண்டு சுழிதான் போட்டிருந்தார். ஊர்ப் பலகையையெல்லாம் திருத்துகிற கை, சொந்த வீட்டுப் பலகையில் வழுக்கிவிட்டது.

மறுநாளே டீக்கடைக்குப் போய், யாரும் கேட்பதற்கு முன்னால், தாமே பத்திரிகையை விரித்துக் காட்டினார். “பாருங்க, துளசிங்கம். பேரு மணவாளன். இந்த வயசுல மாத்துக் கன்னி தேடிகினு இருக்கிறேன்.”

“நம்ம சாமியே இந்த மலைல ரெண்டாவதா வள்ளியக் கட்டிகினவருதான சார்” என்றார் துளசிங்கம். “ஆனா உங்க வூட்ல ஏற்கெனவே ஒரு வள்ளி கீறாங்க, பாத்து.”

கடையே சிரித்தது. மணவாளன் எல்லோரையும்விடச் சத்தமாகச் சிரித்தார்.

கூட்டம் சென்னையில் ஒரு ஞாயிற்றுக்கிழமை. ரயிலில் ஏறியதிலிருந்து மணவாளன் மனத்துக்குள் பேசிப் பார்த்துக்கொண்டே போனார். சங்கிலியைச் சொல்ல வேண்டும், ஒரு கண்ணி மாறினதைச் சொல்ல வேண்டும், டெப்சி என்றால் ஒருவனுக்கும் ஒன்றும் புரியாது, மாற்றுக்கண்ணி என்றால் பத்தாவது படிக்கிறவனுக்கும் படம் தெரியும் என்று சொல்ல வேண்டும். அரக்கோணம் தாண்டுவதற்குள் பேச்சு நன்றாகத் திரண்டுவிட்டது.

இளங்கோவன் நல்ல மனிதர். “உங்க சொல் எனக்குப் பிடிக்காம இல்லை, மணவாளன். எழுத்துப் பிழையை விடுங்க, அது யாருக்கும் வரும். இந்தச் சொல் எப்படித் தோணிச்சு உங்களுக்கு? அதைச் சொல்லுங்க, எல்லாரும் கேட்டுட்டு முடிவு பண்ணட்டும்” என்றார்.

இதற்கு மேல் ஒரு வாசலைத் திறந்துவிட முடியாது. மணவாளன் எழுந்தார். எதிரே இரண்டு பேர் உதட்டைக் கடித்துக்கொண்டு சிரிப்பை அடக்குவது கண்ணில் பட்டது. அவ்வளவுதான், நாக்கு பழகின பாதையில் ஓடிவிட்டது.

“பேரு மணவாளன் சார். கன்னிய நான் தேடாம வேற யாரு தேடுவாங்க?”

அறை அதிர்ந்தது. அதற்குப் பிறகு அவரை நிறுத்த ஆளில்லை. ராணிப்பேட்டை வாசனையைச் சொன்னார். தயிர் சாதத்தைச் சொன்னார். “எங்க ஊரே டெப்சிபெப்டைடு சார். சித்தூர்லேந்து கழட்டி இங்க மாட்டினாங்க. அதுல நான் ஒரு கண்ணி, மாத்திப் போட்டது, துருப் புடிச்சது” என்றார். மூலையில் இருந்த ஒரு கிழவருக்குச் சிரித்துச் சிரித்து இருமலே வந்துவிட்டது. டீ வந்தது. இளங்கோவன் கண்ணாடியைக் கழற்றிக் கண்ணைத் துடைத்துக்கொண்டு, “அப்போ டெப்சிபெப்டைடுன்னே வெச்சுடலாமா?” என்று கேட்டார். கைகள் உயர்ந்தன. முதலில் உயர்ந்தது மணவாளனுடைய கை.

திரும்பும் ரயிலில் வலித்தது. பேச வேண்டியதெல்லாம் அப்போது அழகாக வரிசையாக வந்தது. எதிரில் தூங்கிக்கொண்டிருந்த ஒரு ராணுவக்காரருக்குத் தவிர அதைச் சொல்ல ஆளில்லை.

வீட்டில் கோமளவல்லி சோறு போட்டாள். அவர் நடந்ததையெல்லாம் அங்கே நடித்தது போலவே நடித்துக் காட்டினார். கிழவரின் இருமலைக்கூட இருமிக் காட்டினார். அவள் சிரிக்கவில்லை.

“நீங்க இன்னா சொல்லணும்னு போனீங்களோ அத சொன்னீங்களா?”

“இல்ல.”

“எங்கிட்ட சொல்லுங்க.”

சொன்னார். மருந்தாகும் பெப்டைடைச் சொன்னார், சங்கிலியைச் சொன்னார், உருண்டைக் கண்ணியைச் சொன்னார், அவள் விரல் அதைப் பின்னால் தள்ளுவதைப் பார்த்துக்கொண்டிருந்ததைச் சொன்னார். அவள் கை தானாகப் பிடரிக்குப் போனது. இப்போது வசவு விழும் என்று மணவாளன் குனிந்துகொண்டார்.

“எஞ்சங்கிலிய நாலு பேர் முன்னால சொல்லக் கூடாதுன்னா வுட்டுட்டீங்க?”

ஆமாம் என்றிருந்தால் நல்ல பேராவது மிஞ்சியிருக்கும். “இல்ல கோமளா. அவங்க சிரிக்கிறதுக்கு முன்னாடி நானே சிரிக்க வெச்சிட்டா தப்பிச்சிக்கலாம்னு தோணிட்ச்சி. எப்பவும் அப்பிடித்தான தோணுது.”

அவள் குழம்புச் சட்டியை மூடிவைத்தாள். “அந்த மாத்திப் போட்ட கண்ணி, உங்க மருந்துல, அது கெட்டதா?”

“கெட்டதில்ல. சிலதுல அந்த ஒண்ண எடுத்துட்டா மருந்தே வேல செய்யாது.”

“அத்த அங்க சொல்லியிருக்கலாம்” என்று சொல்லிவிட்டுத் தட்டை எடுத்துக்கொண்டு உள்ளே போனாள்.

அடுத்த முகூர்த்த நாளில் மலை மேல் சொந்தக்காரர் வீட்டுக் கல்யாணம். இருவரும் பட்டு உடுத்தி, அடிவாரத்தில் பஸ்ஸுக்கு நின்றார்கள். கோமளவல்லியின் பிறந்த வீட்டார் பாதிப் பேர் அங்கேதான் நின்றிருந்தார்கள். டீக்கடைக்குள்ளிருந்து துளசிங்கம் எட்டிப் பார்த்தார்.

“இன்னா சார், மெட்ராஸ்ல அந்த மாத்துக் கன்னி இன்னா ஆச்சி? கெடச்சாளா?”

நின்றிருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். மணவாளனுக்கு பதில் தொண்டை வரைக்கும் வந்துவிட்டது. நல்ல பதில்தான், எல்லோரும் சிரித்திருப்பார்கள்.

“கன்னி இல்லண்ணே, கண்ணி” என்றாள் கோமளவல்லி. மூன்று சுழிக்காக நாக்கை மேலே மடக்கி, அழுத்தி, மெதுவாகச் சொன்னாள். பிறகு கொண்டைக்குக் கீழே கையை விட்டு, சங்கிலியை ஒவ்வொரு கண்ணியாக நகர்த்தி, அந்தச் சிவந்த உருண்டையைப் பட்டுப் புடவைக்கு மேலே, நடு நெஞ்சில் கொண்டுவந்து நிறுத்தினாள்.